பஸ் பெர்மிட் மனுவும் நீதிமன்றம் விதிக்கும் கெடுவும்

(ஊராட்சி மன்ற உறுப்பினர்களும் உழவர்களும் கூடிய கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இன்று நாம் எடுத்துக்கொண்டுள்ள பொருள் பஸ் பெர்மிட். அது பஸ் முதலாளிகளின் விவகாரம், நமக்கும் அதற்கும் என்ன தொடர்பு என்று உங்களிற் சிலர் எண்ணக்கூடும். சாலை போடுவது, குடிநீர்த் தொட்டி கட்டுவது, தெரு விளக்கைப் பழுது பார்ப்பது ஆகியவைதாம் ஊராட்சியின் வேலை என்று எண்ணிப் பழகிவிட்டோம். ஆனால் போட்ட சாலையில் பஸ் ஓடாவிட்டால் அச்சாலையின் பயனிற் பாதி நமக்குக் கிட்டவில்லை என்றுதானே பொருள்? பஸ் ஓடுவதற்குச் சாலை மட்டும் போதாது; ஓர் அதிகாரியின் கையெழுத்தும் வேண்டும். அந்தக் கையெழுத்து விழும் வரையில், அல்லது 'கொடுக்க இயலாது' என்னும் எழுத்தாவது வரும் வரையில், ஊர் காத்துக் கிடக்கின்றது. அந்தக் காத்திருப்புக்கு ஒரு கெடு விதிக்கும் வல்லமை உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. அவ்வல்லமை எதுவரை செல்லும், எங்கே நின்றுவிடும் என்பதை இன்று விளக்க விரும்புகின்றோம்.

ஒரு கிராமத்தை மனத்தில் எண்ணிக்கொள்வோம். பெயர் எதுவாகவும் இருக்கட்டும். பெரிய சாலையிலிருந்து ஆறு கிலோமீட்டர் உள்ளே இருக்கின்றது. தார் போட்ட பாதை உண்டு. ஆனால் பஸ் இல்லை. மல்லிகை பயிரிடும் குடும்பங்கள் விடியுமுன் பூப் பறித்தாக வேண்டும். வெயில் ஏறுமுன் சந்தையில் சேர்த்தாக வேண்டும். ஆட்டோவுக்குக் கொடுக்கும் கூலி, பூ விற்ற பணத்தில் ஒரு பங்கைத் தின்றுவிடுகின்றது. கத்தரிக்காய்க் கூடையுடன் கிழவி ஒருத்தி கைகாட்டி நிற்கின்றாள். எட்டாம் வகுப்பு முடித்த பெண் பிள்ளையை ஆறு கிலோமீட்டர் தனியே அனுப்பத் தகப்பனுக்கு மனமில்லை. சாதாரணக் கட்டண அரசு நகரப் பஸ்களில் மகளிர் கட்டணமின்றிப் பயணம் செய்யலாம் என்னும் சலுகை 2021ஆம் ஆண்டு மே மாதம் 8ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. பஸ்ஸே வராத ஊரில் அச்சலுகையை எவ்வாறு அனுபவிப்பது?

இந்த ஊருக்கு ஒரு சிறிய பஸ் விட ஒருவர் முன்வருகின்றார் என்று வைத்துக்கொள்வோம். கடன் வாங்கி வண்டிக்கு முன்பணம் கட்டுகின்றார். வழித்தடத்தைக் குறித்து, நேர அட்டவணை எழுதி, கட்டணம் செலுத்தி மனுச் செய்கின்றார். மாதங்கள் செல்கின்றன. "பைல் மேலே போயிருக்கிறது" என்ற பதில் வருகின்றது. பிறகு "பைல் இறங்கி வரவேண்டும்" என்ற பதில். கடனுக்கு வட்டி ஓடிக்கொண்டிருக்கின்றது; பஸ் மட்டும் ஓடவில்லை. இதில் தவறு யாருடையது என்று ஆராய இங்கு நாம் வரவில்லை. அலுவலர்கள் அனைவரும் சோம்பேறிகள் என்று கூறுவது நியாயமும் அன்று. பத்துப் பேர் பார்க்க வேண்டிய வேலையை மூவர் பார்க்கும் அலுவலகங்கள் உண்டு. ஆயினும் மனுச் செய்தவருக்கும் ஊருக்கும் ஒரு முடிவு தெரிந்தாக வேண்டும்.

இங்கே ஒரு நுட்பத்தைக் கவனிக்க வேண்டும். மனு மறுக்கப்பட்டால் மனுதாரர் வழியற்றுப் போவதில்லை. 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 80ஆம் பிரிவு, எந்தக் காலத்திலும் பெர்மிட்டுக்கு மனுச் செய்யலாம் என்றும், சாதாரணமாக அதை மறுக்கக் கூடாது என்றும் சொல்லுகின்றது. மறுப்பதானால் காரணத்தை எழுத்தில் தரவேண்டும். மனுதாரர் தம் பக்கத்தைச் சொல்லிக்கொள்ள வாய்ப்பும் தரவேண்டும். நேர அட்டவணையைப் பார்த்தால் பஸ் வேக வரம்பை மீறித்தான் ஓடவேண்டியிருக்கும் என்று தோன்றினால், அதன் காரணமாக மறுக்கலாம் என்பது 71ஆம் பிரிவு. அப்பொழுதும் அட்டவணையைத் திருத்திக்கொள்ள முதலில் சந்தர்ப்பம் அளித்தாக வேண்டும். மறுப்பு உத்தரவு வந்துவிட்டால் 89ஆம் பிரிவின்படி மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குச் செல்லலாம். அங்கு மாவட்ட நீதிபதிக்குக் குறையாத தகுதியுடைய நீதித் துறை அலுவலர் ஒருவர் அமர்ந்து விசாரிக்கின்றார்.

ஆனால் 'ஆம்' என்றும் சொல்லாமல் 'இல்லை' என்றும் சொல்லாமல் மனுவை வைத்திருந்தால் என்ன செய்வது? மேல்முறையீடு செய்ய ஓர் உத்தரவு கையில் இருக்கவேண்டும். உத்தரவே இல்லாதபோது எதன்மேல் முறையிடுவது? மறுப்பினால் ஒரு கதவு மூடும், வேறொரு கதவு திறக்கும். மௌனமோ எல்லாக் கதவுகளையும் சாத்தி வைக்கின்றது. பெர்மிட் விவகாரத்தில் ஊருக்கு மிகப் பெரிய தீங்கு மறுப்பன்று, தாமதமே என்று நாம் கருதுவது இதனாலேதான்.

சட்டம் எல்லாத் தாமதத்தையும் பொறுத்துக்கொண்டதா என்றால், இல்லை. சில இடங்களில் அது கெடுவைத் தெளிவாக எழுதியிருக்கின்றது. ஒரு வழித்தடத்தையோ வட்டாரத்தையோ அரசுப் போக்குவரத்துக் கழகத்துக்கென ஒதுக்கும் திட்டத்தை எடுத்துக்கொள்வோம். உத்தரப் பிரதேசத்தில் சகரன்பூரிலிருந்து ஷாதரா வழியாக டில்லிக்குச் செல்லும் வழித்தடத்தைப் பற்றி 1959இல் ஒரு நகல் திட்டம் வெளியாயிற்று. அதன்மேல் முடிவு ஏற்படாமலே கால் நூற்றாண்டு கடந்தது. 1985இல் உச்ச நீதிமன்றம், இவ்வளவு நீண்ட தாமதத்தைக் காரணமாகக் காட்டியே அந்தத் திட்டத்தை ரத்துச் செய்தது. பிறகு வந்த 1988ஆம் ஆண்டுச் சட்டத்தில், நகல் திட்டம் வெளியான நாளிலிருந்து ஓராண்டுக்குள் அங்கீகரிக்கப்பட்டு அரசிதழில் வராவிட்டால் அது காலாவதியானதாகக் கொள்ளப்படும் என்று 100ஆம் பிரிவில் எழுதிவிட்டார்கள். நாடு முழுவதும் செல்லும் சுற்றுலா வண்டிகளுக்கும் இவ்வாறே. 2021ஆம் ஆண்டு விதிகள் அவற்றின் பெர்மிட்டுக்கு 30 நாள் கெடு வைத்தன; 2023ஆம் ஆண்டு விதிகள் அதை 7 நாளாகக் குறைத்து, அதற்குள் முடிவு செய்யாவிட்டால் பெர்மிட் கொடுத்ததாகவே கருதப்படும் என்று விதித்தன.

ஊட்டிக்கும் கோவாவுக்கும் உல்லாசப் பயணம் போகும் வண்டிக்கு ஏழு நாள்! கூடையும் குழந்தையுமாக ஏறி இறங்கும் கிராமத்துப் பஸ்ஸின் மனுவுக்கோ, மூலச் சட்டத்தில் நாள் கணக்கே கிடையாது. இதை யாரும் வேண்டுமென்று செய்திருக்க மாட்டார்கள். ஆனால் ஏற்பட்டிருக்கும் நிலை இதுவே. இந்த வெற்றிடத்தைத்தான் நீதிமன்றக் கட்டளைகள் நிரப்பி வருகின்றன.

பழைய சட்டத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். ஊராட்சி உறுப்பினர்கள் அதைத் தெரிந்துகொள்வது நல்லது. 1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின்படி, பெர்மிட் எந்த நாளிலிருந்து வேண்டுமோ அந்த நாளுக்கு ஆறு வாரமேனும் முன்னதாக மனுச் செய்யவேண்டும். மனு பிரசுரிக்கப்படும். ஆட்சேபம் தெரிவிப்பதற்கு 30 நாளுக்குக் குறையாத அவகாசம் உண்டு. பிறகு பகிரங்க விசாரணை. அந்தச் சட்டத்தின் 47ஆம் பிரிவில் நமக்கு ஓர் இடம் இருந்தது. வழித்தடம் எந்த உள்ளாட்சி அமைப்பின் எல்லையில் செல்லுகின்றதோ, அந்த அமைப்பு சொல்வதையும் அதிகாரிகள் கருத்தில் கொள்ள வேண்டும் என்று அது விதித்தது. ஆனால் அதே பிரிவு, ஏற்கெனவே பஸ் விடுகின்றவர்களும் ஆட்சேபிக்கலாம் என்று இடங்கொடுத்தது. ஆட்சேபத்தின்மேல் ஆட்சேபம், மேல்முறையீட்டின்மேல் மேல்முறையீடு என்று, ஒரு பஸ்ஸின் வழக்குப் பல ஆண்டுகள் ஓடியதுண்டு. 1989ஆம் ஆண்டு ஜூலை 1ஆம் நாள் புதிய சட்டம் நடைமுறைக்கு வந்தபொழுது இவ்விரண்டும் சேர்ந்தே போய்விட்டன. பழைய பஸ்காரர்களுக்குப் புதியவரை ஆட்சேபிக்கும் உரிமை இல்லை என்பதை உச்ச நீதிமன்றம் 1991இல் மிதிலேஷ் கார்க் வழக்கில் உறுதிப்படுத்தியது. போட்டியாளர்களின் தடை நீங்கியது நன்மையே. அதனுடன் உள்ளாட்சி மன்றத்துக்கு இருந்த இடமும் எழுத்தளவில் மறைந்தது எமக்கு வருத்தமே. கேட்க வேண்டிய கடமை இல்லையென்றால், சொல்லக் கூடாது என்று பொருளாகாது. அதைப் பின்னர் பார்ப்போம்.

இனி நீதிமன்றத்துக்கு வருவோம். ஓர் அதிகாரி சட்டப்படி செய்யவேண்டிய கடமையைச் செய்யாமலிருந்தால், 'இதைச் செய்க' என்று நீதிமன்றம் இடும் கட்டளையை வக்கீல்கள் 'மாண்டமஸ்' என்பார்கள். வெள்ளையர் ஆட்சியிலும் இது இருந்தது. ஆனால் யாருக்கு? 1877ஆம் ஆண்டுத் தனிப் பரிகாரச் சட்டத்தின் 45ஆம் பிரிவின்படி, கல்கத்தா, சென்னை, பம்பாய் ஆகிய மூன்று நகரங்களின் எல்லைக்குள்தான் அந்தக் கட்டளை செல்லும். நகருக்கு வெளியே இருந்த கிராமங்களுக்கு அது எட்டாத கனி.

இதை விளக்க, உழவர்கள் அறிந்திருக்க வேண்டிய ஒரு வழக்கு இருக்கின்றது. கஞ்சம் ஜில்லாவில் பர்லாகிமேடி ஜமீனைச் சேர்ந்த கரபந்தோ முதலிய கிராமங்களின் ரயத்துகள், தங்கள் தீர்வையை உயர்த்தி வருவாய் வாரியம் செய்த முடிவை ரத்துச் செய்யுமாறு சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினார்கள். அவர்கள் கேட்டது மாண்டமஸ் அன்று. ஒரு முடிவை ரத்துச் செய்யும் வேறு வகைப் பேராணை. ஆயினும் எல்லையைப் பற்றிய சிக்கல் ஒன்றுதான். வாரியத்தின் அலுவலகம் சென்னை நகரில்தான் இருந்தது. வழக்கு லண்டனில் பிரிவி கவுன்சில் வரையில் சென்றது. ரயத்துகளும் கிராமங்களும் நகர எல்லைக்கு வெளியே இருக்கின்றபடியால், அலுவலகம் நகருக்குள் இருக்கின்றது என்ற ஒரே காரணத்துக்காக உயர் நீதிமன்றம் தலையிட முடியாது என்று 1943இல் தீர்ப்பாயிற்று. பட்டணத்தானுக்கு ஒரு நீதி, பட்டிக்காட்டானுக்கு ஒரு நீதி என்று நம்மவர் சொல்லுவார்களே, அது இங்கே சட்டப் புத்தகத்திலேயே ஏறியிருந்தது.

1950ஆம் ஆண்டு ஜனவரி 26ஆம் நாள் நிலைமை மாறியது. அரசியலமைப்பின் 226ஆம் பிரிவு, மாநிலம் முழுவதற்கும் இவ்வாணைகளைப் பிறப்பிக்கும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்குத் தந்தது. எந்தக் குக்கிராமத்துக் குடிமகனும் அதன் வாயிலில் நிற்கலாம் என்றாயிற்று. 2004ஆம் ஆண்டு ஜூலை 24ஆம் நாள் மதுரையில் உயர் நீதிமன்றக் கிளை திறக்கப்பட்ட பின்னர் தென் மாவட்டத்தாருக்குச் சென்னைக்குச் செல்லும் செலவும் குறைந்தது.

அதிகாரம் வந்த சில ஆண்டுகளிலேயே அதன் எல்லையும் வரையறுக்கப்பட்டது. அந்த எல்லையை வரைந்ததும் ஒரு பஸ் வழக்குத்தான். அதுவும் நம் தஞ்சைத் தரணியின் வழக்கு! பொறையாற்று வீரப்ப பிள்ளைக்கும் கும்பகோணம் ராமன் அண்டு ராமன் கம்பெனிக்கும் 5 பஸ்களின் பெர்மிட்டைப் பற்றி எழுந்த வழக்கு அது. சென்னை உயர் நீதிமன்றம், கம்பெனிக்குப் பெர்மிட் வழங்குமாறே அதிகாரிகளுக்குக் கட்டளையிட்டது. உச்ச நீதிமன்றம் 1952இல் அதை ஏற்கவில்லை. பெர்மிட் வழங்குவது சட்டம் போக்குவரத்து அதிகாரிகளிடம் ஒப்படைத்த வேலை. அவர்கள் எல்லை மீறினால் திருத்தலாம். ஆனால் மேல்முறையீட்டு மன்றம் போல அமர்ந்து, இன்னாருக்குப் பெர்மிட் கொடு என்று உயர் நீதிமன்றம் சொல்வது அதன் அதிகாரத்தைத் தாண்டியதாகும் என்பது அத்தீர்ப்பின் சாரம்.

இன்றும் நடைமுறை இந்த அடிப்படையில்தான் இருக்கின்றது. பெர்மிட் மனு நெடுநாள் கிடப்பில் இருக்கின்றது என்று ரிட் மனுப் போட்டால், நீதிமன்றம் பெரும்பாலும் பெர்மிட்டைக் கொடு என்று சொல்லாது. 'மனுதாரரின் விண்ணப்பத்தை அதன் தகுதியையும் சட்டத்தையும் அனுசரித்துப் பரிசீலித்து, இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து இத்தனை வாரத்துக்குள் முடிவு செய்க' என்று சொல்லும். நான்கு வாரம், எட்டு வாரம், பன்னிரண்டு வாரம் என்று வழக்குக்குத் தக்கபடி கெடு அமையும். விண்ணப்பத்தின் தகுதியைப் பற்றி நாங்கள் ஒன்றும் கருதவில்லை என்று ஒரு வாக்கியத்தையும் நீதிபதிகள் வழக்கமாகச் சேர்த்துவிடுவார்கள். அண்டை மாநிலமான கேரளத்தில், போக்குவரத்து ஆணையம் கூடும் அடுத்த கூட்டத்திலேயே இதை எடுத்துக்கொள்க என்று கட்டளையிடுவதும் உண்டு.

இத்தகைய உத்தரவு வந்ததும் ஊரில் சிலர் 'கோர்ட்டில் ஜெயித்துவிட்டோம்' என்று வெடி வெடிக்கின்றார்கள். வெடியைச் சற்று நிறுத்தி வையுங்கள். உத்தரவில் இருக்கும் 'பரிசீலிக்க' என்ற சொல்லுக்குப் பரிசீலிக்க என்பதுதான் பொருள். 2006இல் ஆந்திரப் பிரதேச அரசுப் போக்குவரத்துக் கழகத்தின் பணியாளர் வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் இச்சொல்லையே எடுத்து ஆராய்ந்தது. ஒரு விஷயத்தின் தகுதியைத் தான் பார்க்காமல், பரிசீலிக்குமாறு மட்டும் நீதிமன்றம் சொன்னால், மனுதாரர் கேட்டதைக் கொடுத்துவிட வேண்டும் என்று அதற்குப் பொருள் கொள்ளக் கூடாது என்று விளக்கியது. ஆகவே கெடுவின் கடைசி நாளில் மறுப்பு உத்தரவும் வரலாம். அப்படி வந்தாலும் மனுதாரர் முன்னிலும் மேலான நிலையிலேயே இருக்கின்றார். காரணம் எழுத்தில் இருக்கின்றது. அதை எடுத்துக்கொண்டு தீர்ப்பாயத்துக்குச் செல்லலாம். காரணம் சரியென்று பட்டால், வழித்தடத்தை மாற்றியோ அட்டவணையைத் திருத்தியோ புதிதாக மனுச் செய்யலாம். சாலை குறுகலென்று மறுத்திருந்தால், சாலையை அகலப்படுத்த வேண்டும் என்று ஊராட்சிக்கும் தெரிந்துவிடும்.

கெடுவைப் பற்றி ஒரு சிறிய விஷயம். சிறியதாயினும் இதில் தவறிப் பலர் மாதக்கணக்கில் இழக்கின்றார்கள். நாள் கணக்கு, நீதிபதி உத்தரவு சொன்ன நாளிலிருந்து தொடங்குவதில்லை. உத்தரவின் நகல் அலுவலகத்துக்குக் கிடைத்த நாளிலிருந்தே தொடங்குகின்றது. வக்கீல் அனுப்பியிருப்பார் என்று மனுதாரரும், மனுதாரர் கொடுத்திருப்பார் என்று வக்கீலும் இருந்துவிட்டால், கெடு பிறக்கவே இல்லை. சான்றிட்ட நகலைப் பெற்று, ஒரு கடிதத்துடன் நேரில் கொடுத்து, நாள் முத்திரையுடன் ஒப்புகை பெற்றுக்கொள்ள வேண்டும். தபாலிலும் ஒன்று அனுப்பி வைப்பது உத்தமம்.

கெடு கடந்தும் முடிவு வரவில்லையென்றால், 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இருக்கின்றது. வேண்டுமென்றே கட்டளையை மீறியவருக்கு ஆறு மாதம் வரை வெறுங்காவல் தண்டனையோ, 2,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம். அவமதிப்பு நேர்ந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஓராண்டுக்குள் அதற்கான நடவடிக்கை தொடங்கப்பட வேண்டும். இந்த ஆயுதத்தை அவசரப்பட்டு எடுக்கவேண்டாம் என்பதே எமது யோசனை. கெடு முடியும் தறுவாயில் ஒரு நினைவூட்டுக் கடிதம் எழுதினால் பெரும்பாலும் காரியம் நடந்துவிடுகின்றது. கால நீட்டிப்பு வேண்டுமானால் அதிகாரி நீதிமன்றத்தையே கேட்கவேண்டும். மனுதாரரிடம் வாய்மொழியாகக் கேட்டுக்கொண்டிருப்பது போதாது.

தாமதத்துக்குச் சொல்லப்படும் காரணங்களுள் ஒன்றை மட்டும் இங்கு குறிப்பிடுவோம். 'மேலிடத்திலிருந்து அறிவுரை வரவில்லை' என்பது அது. பெர்மிட் மனுவை முடிவு செய்பவர் வட்டாரப் போக்குவரத்து ஆணையம். நம் மாவட்டங்களில் பொதுவாக மாவட்ட கலெக்டரே அப்பொறுப்பை வகிக்கின்றார். இது ஏறத்தாழ நீதி வழங்குவது போன்ற வேலை. 1956இல் சென்னை அரசு, பெர்மிட் கேட்போருக்கு இன்ன தகுதிக்கு இவ்வளவு மார்க்கு என்று ஓர் உத்தரவு போட்டது. மார்க்குப் போடும் முறை பார்வைக்கு நியாயமாகவே தோன்றும். ஆனால் 1964இல் ராஜகோபால நாயுடு வழக்கில் உச்ச நீதிமன்றம், சட்டம் யாரிடம் முடிவை விட்டதோ அவர் தாமே சிந்தித்து முடிவு செய்யவேண்டும், நிர்வாக உத்தரவால் அரசு அதைக் கட்டுப்படுத்தக் கூடாது என்று தீர்ப்பளித்தது. சட்டப்படி வெளியான திட்டங்களும் விதிகளும் அதிகாரியைக் கட்டுப்படுத்தும், அது வேறு. ஆனால் வராத கடிதத்துக்காகக் காத்திருப்பதைத் தாமதத்துக்குக் காரணமாகக் காட்டுவது கடினம்.

திட்டம் என்றதும் மினி பஸ் நினைவுக்கு வருகின்றது. தமிழ்நாட்டில் பெரும்பாலான வழித்தடங்கள் அரசுப் போக்குவரத்துக் கழகங்களுக்குரிய திட்டங்களுக்கு உட்பட்டவை. ஆகையால் தனியார் ஒருவர் நினைத்த இடத்திலெல்லாம் பஸ் விட முடியாது. பஸ் போகாத ஊர்களுக்குச் சிறிய பஸ்கள் விட 1997இல் ஓர் ஏற்பாடு தொடங்கியது. அதைத் திருத்தி விரிவாக்கிய புதிய மினி பஸ் திட்டம் 2025ஆம் ஆண்டு ஜூன் 16ஆம் நாள் தஞ்சாவூரில் தொடங்கி வைக்கப்பட்டது. இதன்படி வழித்தடத்தின் நீளம் 25 கிலோமீட்டர் வரை இருக்கலாம். அதிற் பெரும்பகுதி இதுவரை பஸ் போகாத சாலையாக இருத்தல் வேண்டும். ஆகவே நம் ஊர் வழியாக யாரேனும் மனுச் செய்தால், எந்தச் சாலையில் இப்பொழுது பஸ் ஓடுகின்றது, எதில் ஓடவில்லை என்பதே முதற் கேள்வியாக இருக்கும். இந்தக் கேள்விக்கு நம்மைவிடச் சரியாக விடை சொல்லக் கூடியவர் யார்?

இங்கேதான் ஊராட்சியின் பங்கு வருகின்றது. பெர்மிட் மனுதாரர் ஊராட்சியன்று. ரிட் மனுப் போட வேண்டியவரும் மனுதாரரே. 'எங்கள் ஊருக்குப் பஸ் வேண்டும்' என்று ஊராட்சி எழுதும் கடிதம் பெர்மிட் மனு ஆகாது. அதை வைத்துக்கொண்டு நீதிமன்றம் சென்றால், எந்த வழியில் பஸ் விடுவது என்பது நிர்வாகம் முடிவு செய்ய வேண்டியது என்ற பதில் கிடைக்கக்கூடும். ஆனால் மனு ஒன்று நிலுவையில் இருக்கும்போது ஊராட்சியின் எழுத்து அந்தப் பைலுக்கு எடையைக் கூட்டும். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்டு 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய நாட்களில் கிராம சபை கூடுகின்றதே, அவற்றுள் ஒன்றில் தீர்மானம் நிறைவேற்றுங்கள். 'பஸ் வசதி செய்து தருமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறது' என்று ஒற்றை வரியில் எழுதிவிடாதீர்கள். அத்தகைய தீர்மானங்கள் எத்தனையோ அலுவலகங்களில் உறங்குகின்றன. சாலை எங்கே தொடங்கி எங்கே முடிகின்றது, எத்தனை கிலோமீட்டர், எத்தனை குடும்பங்கள், உயர்நிலைப் பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகள் எத்தனை பேர், ஆரம்பச் சுகாதார நிலையம் எவ்வளவு தொலைவு, சந்தை எந்தக் கிழமை, விளைபொருள் எந்த நேரத்தில் புறப்பட வேண்டும் என்பனவற்றை எழுதுங்கள். நகலை ஆணையத்துக்கு அனுப்பி ஒப்புகை வாங்குங்கள்.

மோட்டார் வாகன ஆய்வாளர் வழித்தடத்தைப் பார்வையிட வரும்போது எதைப் பார்ப்பார்? சாலையின் அகலத்தை, சிறு பாலத்தின் உறுதியை, எதிரே வண்டி வந்தால் ஒதுங்க இடம் உண்டா என்பதை, கடைசி நிறுத்தத்தில் பஸ்ஸைத் திருப்ப முடியுமா என்பதைப் பார்ப்பார். தாழ்ந்து தொங்கும் மின் கம்பியையும் புளியங்கிளையையும் காண்பார். ஊராட்சிச் சாலையும் ஊராட்சி ஒன்றியச் சாலையும் நம் பொறுப்பில் உள்ளவையல்லவா? சாலையோரம் வைக்கோற் போரையும் எருக் குவியலையும் வைத்துக்கொண்டு, அதிகாரி அறிக்கை தரவில்லை என்று குறை கூறினால் எடுபடாது. நீதிமன்றம் விதித்த எட்டு வாரத்தில் பஸ் திரும்ப இடம் அமைத்துவிட்டால், மறுப்பதற்குரிய ஒரு காரணம் குறைந்துவிடும். கெடு அதிகாரிக்கு மட்டும் உரியது என்று எண்ணாமல் நாமும் நாட்களை எண்ணவேண்டியிருக்கின்றது.

நீதிமன்றம் செல்லுமுன் செய்யக் கூடியது இன்னொன்றும் உண்டு. 2005ஆம் ஆண்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி 10 ரூபாய் கட்டணத்தில், மனு எந்த நாளில் வந்தது, இப்பொழுது யாரிடம் இருக்கின்றது, ஆய்வாளரின் அறிக்கை வந்துவிட்டதா என்று கேட்கலாம். 30 நாளுக்குள் விடை தரவேண்டும். அந்த விடையே சில சமயங்களில் பைலை நகர்த்திவிடுகின்றது. நகர்த்தாவிட்டாலும், ரிட் மனுவுடன் இணைப்பதற்கு நல்ல சான்றாகும். முடிவு செய்யுமாறு எழுத்தில் கேட்டும் அதிகாரி செய்யவில்லை என்பதை நீதிமன்றத்தில் காட்டவேண்டியிருக்கும். வாயால் நூறு முறை கேட்டதற்குச் சான்று இல்லை. வக்கீல் வைக்க வசதியற்ற பெண்களும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி வகுப்பினரும் தாலுகா சட்டப் பணிகள் குழுவை அணுகி இலவச உதவி கேட்கலாம்.

நிலையான பெர்மிட் வரும் வரையில் ஊர் கையைக் கட்டிக்கொண்டு இருக்கவேண்டும் என்பதும் இல்லை. 87ஆம் பிரிவில் தற்காலிகப் பெர்மிட் என்று ஒன்று இருக்கின்றது. திருவிழா, சந்தை முதலிய சமயங்களில் கூடும் மக்களுக்காகவும், பருவகால வியாபாரத்துக்காகவும், குறிப்பிட்ட ஒரு தற்காலிகத் தேவைக்காகவும் நான்கு மாதத்துக்கு மேற்படாமல் அதைத் தரலாம். மாசி மாதம் அம்மன் கோயில் திருவிழாவுக்கோ, மாம்பழப் பருவத்துக்கோ பஸ் வேண்டுமென்றால், விழாவுக்கு முந்திய வாரத்தில் ஓடாமல் இரண்டு மாதம் முன்பே பஸ் விடுகின்றவரைக் கொண்டு மனுச் செய்யச் சொல்லுங்கள். திருவிழா முடிந்த பின்னர் பரிசீலிக்கச் சொல்லி எந்த நீதிமன்றமும் கட்டளையிடப் போவதில்லை.

உங்களிற் சிலர் தங்கள் ஊர் மனுக்களின் நகல்களைக் கையோடு கொண்டுவந்திருப்பதைக் காண்கின்றோம். மனுச் செய்த நாளும் ஒப்புகை எண்ணும் உள்ளவற்றை முதலில் எடுத்துக்கொண்டு, ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.